அவுரி முன்பணமும் நானூற்றி இருபதும்

இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 415-ஆம் பிரிவு, ஏமாற்றுதல் என்றால் என்ன என்று வரையறுத்துவிட்டு அதன் கீழே சில எடுத்துக்காட்டுகளைத் தந்திருந்தது. அவற்றில் ஒன்று அவுரியைப் பற்றியது. அவுரிச் செடி தருவதாகச் சொல்லி ஒருவன் முன்பணம் வாங்குகிறான். வாங்கும்போதே தரும் எண்ணம் இல்லையென்றால் அவன் ஏமாற்றுகிறான். தரும் எண்ணத்தோடு வாங்கி, பிறகு பேச்சு மாறித் தராமல் போனால் அது குற்றமில்லை. பணம் கொடுத்தவர் சிவில் வழக்குப் போட்டுக்கொள்ள வேண்டியதுதான். இன்னோர் எடுத்துக்காட்டு நிலத்தைப் பற்றியது. ஒருவருக்கு ஏற்கெனவே எழுதிக்கொடுத்த நிலத்தை, அந்தச் சங்கதியை மறைத்து இன்னொருவருக்கு விற்றுப் பணம் வாங்கினால் அது ஏமாற்றுதல். சொத்துத் தகராறில் எந்தப் புகாரை ஏற்கலாம், எதை வாசலிலேயே திருப்பி அனுப்பலாம் என்ற கேள்விக்கு வேண்டிய விடை ஏறக்குறைய முழுவதும் இந்த இரண்டு சிறு எடுத்துக்காட்டுகளில் இருக்கிறது. முதலாவது, காலத்தைப் பார்க்கச் சொல்கிறது: வஞ்சகம் எப்போது பிறந்தது, பணம் கை மாறும்போதா, அதற்குப் பிறகா? இரண்டாவது, ஆளைப் பார்க்கச் சொல்கிறது: ஏமாந்து பணம் கொடுத்தவர் யார்? மெக்காலே தலைமையிலான ஆணையம் 1837-ல் வரைவு எழுதி, 1860 அக்டோபரில் சட்டமாகி, 1862 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்த இந்தச் சட்டம் 2024 ஜூலை 1-ஆம் தேதி பாரதிய நியாய சன்ஹிதாவுக்கு இடம் கொடுத்துவிட்டது. புதிய சட்டத்தின் 318-ஆம் பிரிவிலும் ஏமாற்றுதலின் இலக்கணம் மாறவில்லை.

அவுரியைச் சட்டம் எழுதியவர்கள் சும்மா தேர்ந்தெடுக்கவில்லை. வங்காளத்தில் தோட்டத் துரைமார் குடியானவர்களுக்கு முன்பணம் கொடுத்து அவுரி பயிரிடச் செய்தார்கள். ஒருமுறை வாங்கிய முன்பணம் தலைமுறைக் கடனாகத் தொடர்ந்தது. 1859-லும் 1860-லும் குடியானவர்கள் இனி விதைக்க மாட்டோம் என்று எழுந்து நின்றபோது, 1860-ஆம் ஆண்டின் 11-ஆம் சட்டம் அவசரமாகக் கொண்டுவரப்பட்டது. முன்பணம் வாங்கிவிட்டு விதைக்காதவனை மாஜிஸ்திரேட் சுருக்க விசாரணை செய்து சிறைக்கு அனுப்பலாம் என்றது அது. ஆறு மாதத்துக்கு மட்டுமான சட்டம்தான். அந்த ஆறு மாதத்தில் எத்தனையோ குடியானவர்கள் சிறைக்குப் போனார்கள். அவுரி ஆணையம் விசாரித்துத் துரைமாரின் முறையைக் கண்டித்தது, சட்டம் காலாவதியானது, அதே போக்கில் நிலையான ஒரு சட்டம் செய்ய எடுத்த முயற்சிக்கு லண்டனிலிருந்த இந்தியச் செயலர் சார்லஸ் வுட் இசையவில்லை. ஒரே ஆண்டில் ஒரே அரசு இரண்டு சட்டங்கள் செய்திருக்கிறது என்பதை இங்கே கவனிக்க வேண்டும். அவுரி தராதது வெறும் ஒப்பந்த மீறல் என்று ஒன்று சொன்னது. அதற்காகவே குடியானவனை மற்றொன்று சிறையில் தள்ளியது. கோட்பாடு தெரியாமல் இப்படி நடக்கவில்லை. பணம் கொடுத்தவன் கை வலுவாக இருந்தபோது கோட்பாடு வளைந்துகொடுத்தது.

இது வங்காளத்துக் கதை மட்டுமில்லை. 1859-ஆம் ஆண்டின் 13-ஆம் சட்டம், முன்பணம் வாங்கிய தொழிலாளி வேலைக்கு வராவிட்டால் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வழி செய்தது. பணத்தைத் திருப்பிக் கொடு, இல்லையேல் வேலையை முடித்துக் கொடு என்று அவர் உத்தரவிடுவார். இரண்டும் முடியாதவனுக்குச் சிறை. கல்கத்தா, சென்னை, பம்பாய் நகரங்களுக்கென்று தொடங்கிய இந்தச் சட்டம் மெல்ல மெல்ல மலைத்தோட்டங்களுக்கும் பரவி, சென்னை மாகாணத்தில் காப்பித் தோட்ட முதலாளிகளின் கையில் வசதியான ஆயுதமாயிற்று. 1926-ல்தான் அது சட்டப் புத்தகத்திலிருந்து அகன்றது. முன்பணம், ஒப்பந்தம், மீறல் என்ற மூன்றும் சிவில் நீதிமன்றத்துக்குரியவை. அவற்றைக் குற்றமாக மாற்றியபோதெல்லாம் யார் சிறைக்குப் போனார்கள், யார் புகார் கொடுத்தார்கள் என்று பார்த்தால் விடை ஒரே திசையைத்தான் காட்டுகிறது. இன்றைக்குச் சொத்துத் தகராறுகளில் வரும் குற்றப் புகார்களைத் தள்ளுபடி செய்வது பற்றிய பேச்சில், அது ஏதோ பணக்காரர்களுக்கான சலுகை என்பது போன்ற ஒரு தொனி கேட்கும்போது இந்த வரலாற்றை நினைவுபடுத்த வேண்டியிருக்கிறது. சிவில் கடப்பாட்டைச் சிறைக்கம்பியால் வசூலிக்கும் முறை, இந்த நாட்டில் எளியவனைக் காப்பாற்ற வந்ததில்லை.

சென்னை மாகாணத்தில் இன்னொரு காரணமும் சேர்ந்துகொண்டது. தாமஸ் மன்றோவின் யோசனைப்படி 1816-ல் வந்த ஒழுங்குமுறைச் சட்டங்கள் கலெக்டரையே மாஜிஸ்திரேட்டாகவும், தாசில்தாரையே அந்தத் தாலுகாவின் போலீஸ் தலைவராகவும் ஆக்கின. கிராமத் தலைவர் கிராம முன்சீபாகச் சில்லறை வழக்குகளையும் தீர்த்தார். அதாவது நிலத்தின் கணக்கை எழுதியவரும், தீர்வை வசூலித்தவரும், தடியும் விலங்கும் வைத்திருந்தவரும் ஒரே கச்சேரியில் உட்கார்ந்திருந்தார்கள். நிலம் யாருடையது என்ற கேள்வியும், அடித்தது யார் என்ற கேள்வியும் ஒரே திண்ணையில் விசாரிக்கப்பட்டன. இதன் விளைவை 1855-ல் வெளிவந்த சென்னைச் சித்திரவதை ஆணையத்தின் அறிக்கை பக்கம் பக்கமாகச் சொல்கிறது. எலியட், ஸ்டோக்ஸ், ஜான் புரூஸ் நார்ட்டன் ஆகிய மூவர் கொண்ட அந்த ஆணையத்தின் முன் வந்தவர்கள், தீர்வை பாக்கிக்காகக் கிட்டியில் விரல்களை வைத்து நெரித்ததையும், கயிற்றால் உடலை வளைத்துக் கட்டி வெயிலில் நிறுத்திய அண்ணாந்தாள் தண்டனையையும் சொன்னார்கள். பாக்கி வைப்பது குற்றமில்லை, கொடுக்க வேண்டிய கடன். ஆனால் வசூலிப்பவனே போலீஸாகவும் இருந்ததால் கடன் உடம்பிலிருந்து வசூலிக்கப்பட்டது. அந்த அறிக்கை கிளப்பிய கொதிப்பில்தான் 1859-ஆம் ஆண்டின் 24-ஆம் சட்டம் சென்னை மாகாணத்துக்குத் தனிப் போலீஸ் படையை அமைத்து, வருவாய்த் துறையிடமிருந்து போலீஸைப் பிரித்தது. நிலத் தகராறில் போலீஸ் தலையிடக் கூடாது என்ற விதியின் வேர், நுணுக்கமான சட்டக் கோட்பாட்டில் இருப்பதைவிட இந்தத் தழும்புகளில்தான் அதிகம் இருக்கிறது.

ஆனாலும் பிரிவினை முழுமையாக நடக்கவில்லை. நிலத்துக்காக வெட்டும் குத்தும் நடக்குமே என்ற நியாயமான அச்சத்துக்கு ஆட்சியாளர்கள் ஒரு வழி வைத்தார்கள். வங்காளத்தில் 1793-லேயே எல்லைத் தகராறுக் கலவரங்களைத் தடுக்க ஒரு ஒழுங்குமுறை வந்தது; 1840-ஆம் ஆண்டின் 4-ஆம் சட்டம் அதை விரித்தது; குற்ற நடைமுறைச் சட்டங்கள் ஒவ்வொன்றும் அதைச் சுமந்து வந்து, 1898-லும் 1973-லும் 145-ஆம் பிரிவாக நிறுத்தின. இப்போது அது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 164. இதன்படி மாஜிஸ்திரேட் உரிமையைத் தீர்மானிப்பதில்லை. அன்றைய தேதியில் அனுபவத்தில் இருப்பவர் யார் என்று மட்டும் பார்த்து, சிவில் நீதிமன்றம் வேறு சொல்லும் வரை அவரைத் தொந்தரவு செய்யாதே என்கிறார். இது தண்டனை இல்லை, தற்காலிகக் காவல். அனுபவம் பற்றிய சிவில் வழக்கு ஏற்கெனவே நடக்கும்போது இந்த நடவடிக்கை தேவையில்லை என்று உச்சநீதிமன்றம் 1980-களிலேயே சொல்லிவிட்டது. சண்டையைத் தடுக்க ஒருவர் கையைப் பிடிப்பது வேறு, அவரைக் குற்றவாளி என்பது வேறு. பழைய சட்டத்துக்கே இந்த வேறுபாடு தெரிந்திருந்தது.

குற்ற வழக்கை முளையிலேயே நிறுத்தும் அதிகாரம் உயர்நீதிமன்றத்துக்கு எழுத்தில் கிடைத்தது 1923-ல். 1898-ஆம் ஆண்டுச் சட்டத்தில் 561-ஏ என்ற பிரிவு சேர்க்கப்பட்டு, நீதிமன்ற நடைமுறை தவறாகப் பயன்படுவதைத் தடுக்கும் உள்ளார்ந்த அதிகாரம் அங்கீகரிக்கப்பட்டது. அது 1973-ல் 482 ஆயிற்று, இன்று 528. தொடக்கத்தில் நீதிபதிகள் இதைத் தொடவே தயங்கினார்கள். 1944-ல் லாகூரிலிருந்து போன ஒரு வழக்கில் பிரிவி கவுன்சில், புலன் விசாரணை போலீஸின் வேலை, தீர்ப்பு நீதிமன்றத்தின் வேலை, ஒன்று மற்றொன்றில் நுழையலாகாது என்றது. 1960-ல், நிலக் கிரயத்தில் ஏமாற்றியதாக ஓர் ஐ.சி.எஸ். அதிகாரியின் மீது வந்த வழக்கில் நீதிபதி கஜேந்திரகட்கர் மூன்று வகைகளை வகுத்தார். சொல்லப்பட்டதை அப்படியே உண்மை என்று வைத்துக்கொண்டாலும் குற்றம் எதுவும் தெரியவில்லை என்றால் நிறுத்தலாம் என்பது அவற்றுள் முக்கியமானது. 1990-ல் அரியானா முன்னாள் முதல்வர் பஜன்லால் வழக்கில் அது ஏழு வகைகளாக விரிந்தது. எழுதியவர் திருநெல்வேலிச் சீமையிலிருந்து போன நீதிபதி எஸ். ரத்தினவேல் பாண்டியன். இந்தியாவில் எந்த ஊரில் குவாஷ் மனு, அதாவது வழக்கை ரத்து செய்யக் கோரும் மனு, போட்டாலும் அந்தப் பட்டியல் மேற்கோள் காட்டப்படுகிறது. அதைப் படிப்பவர்கள் ஒன்றைப் பெரும்பாலும் கவனிப்பதில்லை: அந்த ஏழில் ‘இது சிவில் தகராறு’ என்று ஒரு வகை கிடையாது. குற்றம் தெரியவில்லை என்பது இருக்கிறது. பழிவாங்கும் கெட்ட நோக்கம் என்பது இருக்கிறது. சிவில் என்ற முத்திரை இல்லை. அதுமட்டுமல்ல, ஏழு வகை சொன்ன அதே தீர்ப்பு, உயர்நீதிமன்றம் ரத்து செய்திருந்த முதல் தகவல் அறிக்கையை மீண்டும் உயிர்ப்பிக்கவும் செய்தது. விசாரித்த அதிகாரிக்கு அதிகாரமில்லை என்று அவர் செய்த விசாரணையை மட்டும் தள்ளியது. சிவில் என்று பெயரிட்டாலே புகார் சாக வேண்டும் என்று அந்தத் தீர்ப்பை வைத்துக்கொண்டு வாதிட முடியாது.

அப்படியென்றால் எதை வைத்துத் தள்ளுவது? தமிழ்நாட்டின் காவல் நிலையங்களுக்கு அடிக்கடி வரும் ஒரு வகைப் புகாரைப் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். முத்திரைத்தாளில் ஒரு கிரய ஒப்பந்தம். ஒரு தொகை அட்வான்ஸ், மூன்று மாதத்தில் அல்லது பதினோரு மாதத்தில் மீதி கொடுத்துப் பத்திரம் முடித்துக்கொள்வதாகப் பேச்சு. இடையில் பைபாஸ் வருகிறது, நிலத்தின் விலை ஏறுகிறது, விற்பவர் இழுத்தடிக்கிறார். அல்லது வாங்குபவரிடம் மீதிப் பணம் இல்லை, கெடு தாண்டிவிட்டது, விற்பவர் வேறு ஆளுக்குக் கொடுத்துவிடுகிறார். இரண்டு, மூன்று, சில சமயம் ஐந்து ஆண்டுகள் கழித்து ஒரு புகார் எழுதப்படுகிறது. அதில் நடந்ததெல்லாம் தேதிவாரியாக இருக்கும். கடைசிப் பத்தியில் ‘ஆரம்பம் முதலே ஏமாற்றும் தீய எண்ணத்துடன்’ என்று ஒரு வரி சேர்க்கப்பட்டிருக்கும். முழுப் புகாரும் ஒப்பந்த மீறலைச் சொல்லும், அந்த ஒரு வரி மட்டும் குற்றத்தைச் சொல்லும். அந்த வரிக்கு ஆதாரமாக ஒரு செயலாவது, ஒரு பொய்யாவது புகாரின் உடலில் இருக்கிறதா என்பதுதான் பார்க்க வேண்டியது. நிலம் ஏற்கெனவே அடமானத்தில் இருந்ததை மறைத்தாரா, போலி மூலப்பத்திரம் காட்டினாரா, இல்லாத வாரிசைக் காட்டிக் கையெழுத்துப் போட்டாரா? இருந்தால் விசாரணை நடக்கட்டும். இல்லையென்றால் பின்னால் பேச்சு மாறியதை வைத்து முன்னால் இருந்த எண்ணத்தை ஊகிக்கிறார்கள் என்று பொருள். பீகாரிலிருந்து வந்த ஒரு நில விற்பனை வழக்கில் 2000-ஆம் ஆண்டு உச்சநீதிமன்றம் இதைத்தான் தெளிவாக்கியது: பிந்தைய நடத்தை மட்டுமே ஏமாற்றும் எண்ணத்துக்குச் சான்றாகாது.

அந்தப் புகார் ஏன் ஐந்து ஆண்டு கழித்து வருகிறது என்பதற்கும் சட்டத்திலேயே காரணம் இருக்கிறது. ஒப்பந்தத்தை நிறைவேற்றக் கோரும் வழக்கை 1963-ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டப்படி மூன்று ஆண்டுக்குள் போட வேண்டும். குற்ற நடைமுறைச் சட்டம், மூன்று ஆண்டு வரை தண்டனை உள்ள குற்றங்களுக்கு மட்டுமே காலக்கெடு வைத்திருக்கிறது. ஏமாற்றுதலைத் தண்டிக்கும் பழைய 420-ஆம் பிரிவுக்கு ஏழாண்டுத் தண்டனை. ஆகவே அதற்குக் காலக்கெடுவே இல்லை. சிவில் கதவு மூடிய பிறகும் இந்தக் கதவு திறந்தே இருக்கும். கோர்ட் ஃபீஸ் இன்னொரு காரணம். தமிழ்நாட்டில் 2017-ல் 3 விழுக்காடாகக் குறைக்கப்படும் வரை பண வழக்குகளுக்கு 7.5 விழுக்காடு கட்டணம். புகாருக்கு ஒரு வெள்ளைத்தாள் போதும். சிவில் வழக்கு போட்டால் பேரன் காலத்தில்தான் தீரும் என்று ஊரில் சொல்லும் பேச்சில் மிகை குறைவு. எதிராளியை முன்ஜாமீனுக்கு அலையவிட்டால் ஒரு வாரத்தில் பேச்சுக்கு வருவார் என்ற கணக்கு அங்கிருந்து பிறக்கிறது. 2006-ல் உச்சநீதிமன்ற நீதிபதி ஆர்.வி. ரவீந்திரன் இந்தப் போக்கை வெளிப்படையாகக் கண்டித்து, தெரிந்தே இப்படிப் புகார் கொடுப்பவரைக் கடைசியில் இழப்பீடு கொடுக்க வைக்க வேண்டும் என்றும் எழுதினார். அதற்கான பிரிவு சட்டத்தில் நெடுங்காலமாக இருக்கிறது. கீழ்நீதிமன்றங்கள் அதை எடுத்துப் பயன்படுத்துவதுதான் அரிது.

பத்திரத் தகராறுகளில் குழப்பம் இன்னும் ஆழமானது. இந்தியாவில் பதிவுத்துறை பதிவு செய்வது ஆவணத்தை, உரிமையை அல்ல. 1908-ஆம் ஆண்டுப் பதிவுச் சட்டப்படி, எழுதிக்கொடுப்பவர் நேரில் வந்து ஒப்புக்கொண்டால் சார்பதிவாளர் பதிய வேண்டியவர். நிலம் அவருடையதுதானா என்று தீர்ப்புச் சொல்லும் அதிகாரம் அவருக்கு இல்லை. ஆகவே ஒரே சர்வே எண்ணுக்கு இரண்டு வரிசைப் பத்திரங்கள், இரண்டு வில்லங்கச் சான்றுகள், ஒரு பக்கம் பட்டா, மறுபக்கம் அனுபவம் என்ற நிலை மிகச் சாதாரணமாக உருவாகிறது. தன் நிலத்தை வேறொருவன் தன்னுடையது என்று சொல்லி மூன்றாமவருக்கு எழுதிக்கொடுத்துவிட்டால், உண்மையான சொந்தக்காரர் உடனே போவது போலீஸுக்குத்தான்: போலிப் பத்திரம், ஏமாற்று, பழைய சட்டத்தின் 467, 471, 420. பீகாரிலிருந்து வந்த இப்படிப்பட்ட ஒரு வழக்கில் 2009-ல் அதே நீதிபதி ரவீந்திரன் எழுதிய தீர்ப்பு, இந்தத் துறையில் மிகக் கூர்மையானது என்று நான் கருதுகிறேன். ஒருவன் தன் பெயரிலேயே, தன் கையெழுத்திலேயே, இது என் நிலம் என்று சொல்லி விற்றால் அவன் சொன்னது பொய்யாக இருக்கலாம். ஆனால் பத்திரம் போலி ஆகாது. வேறொருவராக நடித்து, அவர் பெயரில் கையெழுத்திட்டால்தான் அது போலி. ஏமாற்றுதலைப் பொறுத்தவரை, ஏமாந்தவர் பணம் கொடுத்து வாங்கியவர். அவர் புகார் கொடுக்கலாம். நிலத்துக்காரர் ஏமாறவில்லை, அவரிடம் யாரும் எதையும் சொல்லி எதையும் வாங்கவில்லை. அவருடைய வழி, அந்தப் பத்திரம் தன்னைக் கட்டுப்படுத்தாது என்று சிவில் நீதிமன்றத்தில் விளம்புகை பெறுவது. இது சொந்தக்காரருக்குக் கொடுமையாகத் தோன்றலாம். ஆனால் இரண்டு பேரும் நிலம் தன்னுடையது என்று நேர்மையாகவே நம்பும் வழக்குகள் ஏராளம். பங்காளிகளுக்குள் வாய்ப்பேச்சில் பாகம் பிரித்து, பட்டா மூத்தவர் பெயரிலேயே கிடந்த குடும்பங்களில் அடுத்த தலைமுறை விற்கும்போது, யாரைப் போலிக்காரர் என்பது? உரிமை எது என்று தீர்மானிக்கும் முன்பே ஒருவரைச் சிறைக்கு அனுப்பினால், இன்ஸ்பெக்டர் சிவில் நீதிபதியின் நாற்காலியில் உட்கார்ந்துவிடுகிறார்.

அந்த நாற்காலியில் போலீஸை உட்கார வைத்துப் பார்க்கும் முயற்சி தமிழ்நாட்டில் பெரிய அளவில் நடந்தது. 2011-ல் ஆட்சி மாறியதும் மாவட்டம்தோறும் நில அபகரிப்புத் தடுப்புச் சிறப்புப் பிரிவுகள் அமைக்கப்பட்டன. வழக்குகளை விசாரிக்கத் தனி நீதிமன்றங்களும் வந்தன. நிலம் பறிகொடுத்தவர்களின் குமுறல் உண்மையானது, அரசியல் செல்வாக்கால் மிரட்டி எழுதி வாங்கப்பட்டதாக வந்த புகார்களும் கொஞ்சமில்லை. ஆனால் நில அபகரிப்பு என்றால் என்ன என்று அரசாணையில் யாரும் வரையறுக்கவில்லை. ஆந்திரம் 1982-ல் இதற்கென்றே ஒரு சட்டம் இயற்றி, வரையறை கொடுத்து, உரிமையையும் சேர்த்துத் தீர்மானிக்கும் சிறப்பு நீதிமன்றம் வைத்தது. இங்கே நிர்வாக ஆணை ஒன்றே சட்டத்தின் வேலையைச் செய்தது. எந்தத் தகராறு அபகரிப்பு, எது சாதாரணம் என்று பிரிக்கும் பொறுப்பு போலீஸ் அதிகாரியின் விருப்பத்துக்கு விடப்பட்டது. 2015 பிப்ரவரியில் சென்னை உயர்நீதிமன்றம் அந்த அரசாணைகளைத் தள்ளியதற்கு இதுவே காரணம். அந்தப் பிரிவுகள் அதோடு மறைந்துவிடவில்லை. அந்தத் தீர்ப்பு சுட்டிய குறையும் இன்னும் அப்படியே நிற்கிறது. 2022-ல் மாநில அரசு பதிவுச் சட்டத்தில் 77-ஏ பிரிவைச் சேர்த்து, மோசடிப் பத்திரத்தை மாவட்டப் பதிவாளரே ரத்து செய்யலாம் என்றது. 2024-ல் உயர்நீதிமன்றம் அதையும் செல்லாது என்றது. மூலப்பத்திரம் காட்டினால்தான் பதிவு என்ற 55-ஏ விதியை 2025 ஏப்ரலில் உச்சநீதிமன்றம் நீக்கியது. போலீஸ், பதிவாளர், சார்பதிவாளர் என்று யாரிடமாவது உரிமைத் தீர்ப்பை ஒப்படைக்க முயன்று, ஒவ்வொரு முறையும் அது நீதிமன்றத்தில் திரும்பி வந்திருக்கிறது. நோயின் இடம் சிவில் நீதிமன்றத்தின் தாமதத்திலும் உரிமைப் பதிவு இல்லாத நிலையிலும் இருக்க, மருந்து எப்போதும் வேறிடத்தில் பூசப்படுகிறது.

இதற்கு வரும் மறுப்புகளில் கனமானது ஒன்று உண்டு. ‘இது சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போங்க’ என்ற வாக்கியத்தைக் காவல் நிலையங்களில் அதிகம் கேட்பவர்கள் யார்? பலம் இல்லாதவர்கள்தான். பலம் உள்ளவருக்கு அதே நிலையம் அதே தகராறில் எஃப்.ஐ.ஆர். போடுகிறது, இல்லாதவருக்கு ஒரு சி.எஸ்.ஆர். சீட்டு, பிறகு இரண்டு பக்கத்தையும் உட்கார வைத்துக் கட்டப்பஞ்சாயத்து. பஞ்சமி நிலங்களின் கதையை மறந்துவிட்டு இதைப் பேச முடியாது. செங்கல்பட்டு கலெக்டர் ட்ரெமென்ஹீர் எழுதிய அறிக்கையைத் தொடர்ந்து 1892-ல் அரசாணை பிறந்து, தலித் மக்களுக்கு நிபந்தனையோடு ஒப்படைக்கப்பட்ட நிலங்கள் அவை. முதல் பத்தாண்டு விற்கக் கூடாது, அதன் பிறகும் அதே மக்களுக்கு வெளியே போகக் கூடாது. இருந்தும் பெரும்பரப்பு கை மாறிப்போனது. கேட்டவர்களுக்குக் கிடைத்த பதில்களில் ‘பத்திரம் இருக்கிறதே, சிவில்’ என்பதும் ஒன்று. இந்த மறுப்பு சரியானது. ஆனால் அது தாக்குவது முத்திரை குத்தும் பழக்கத்தை. நிலம் சம்பந்தப்பட்டது என்பதற்காகவே ஒரு புகாரைத் தள்ளுவதும், நிலம் சம்பந்தப்பட்ட எல்லாவற்றையும் 420 என்று பதிவதும் ஒரே சோம்பேறித்தனத்தின் இரண்டு முகங்கள். இரண்டிலும் புகாரை யாரும் படிக்கவில்லை. தாழ்த்தப்பட்டவர், பழங்குடியினர் நிலத்தை முறைகேடாகக் கைப்பற்றுவதும் அவர்களை அனுபவத்திலிருந்து வெளியேற்றுவதும் 1989-ஆம் ஆண்டு வன்கொடுமைத் தடுப்புச் சட்டப்படியே குற்றம். ஆள் வைத்து வேலியைப் பிடுங்குவது, பயிரை அழிப்பது, அடிப்பது, மிரட்டிக் கையெழுத்து வாங்குவது, ஆள்மாறாட்டம் செய்து பவர் பத்திரம் எழுதுவது ஆகியவற்றில் எந்த ஒன்றுக்கும் உரிமை யாருக்கு என்று தெரிய வேண்டியதில்லை. நிலம் அடித்தவனுடையதாகவே இருந்தாலும் அடித்தது குற்றம். புகாரைப் படிப்பவர் தேட வேண்டியது அந்தச் செயலை.

இரண்டாவது மறுப்பு நீதிபதிகளிடமிருந்தே வருவது. விசாரணை தொடங்கும் முன் வழக்கை ரத்து செய்தால், போலிக் கையெழுத்தைத் தடயவியல் கூடத்துக்கு அனுப்பும் வாய்ப்பே போய்விடுகிறதே? 2021-ல் உச்சநீதிமன்றம், ரத்து மனு நிலுவையில் இருக்கும்போது கைது வேண்டாம் என்று பொத்தாம்பொதுவாக உத்தரவிடும் வழக்கத்தைக் கண்டித்தது இந்தக் கவலையில்தான். கவலை நியாயமானது, விடையும் அதற்குள்ளேயே இருக்கிறது. சான்று போதுமா என்று கேட்பது விசாரணைக்குப் பிறகு செய்ய வேண்டிய வேலை. சொல்லப்பட்டது குற்றமா என்று கேட்பதற்கு எந்தத் தடயவியலும் வேண்டாம். புகாரும், அதனோடு இணைத்த பத்திரங்களும் போதும். கையெழுத்துப் போலி என்று புகார் சொன்னால் தொடரட்டும். கையெழுத்து அவருடையதுதான், பத்திரப்படி நடக்கவில்லை என்று சொன்னால் தடயவியல் கூடத்துக்கு அனுப்ப என்ன இருக்கிறது? 2006-ல் முடிந்த நெப்சி விமான நிறுவன வழக்கு இதற்கு நல்ல காட்டு. விமான எரிபொருள் பாக்கிக்காக இரண்டு விமானங்களை அடமானமாக எழுதிக்கொடுத்து, பிறகு அவற்றின் எஞ்சின்களைக் கழற்றி எடுத்ததாக இந்தியன் ஆயில் புகார் கொடுத்தது. சென்னை உயர்நீதிமன்றம் முழுவதையும் ரத்து செய்தது. உச்சநீதிமன்றம் திருட்டு, நம்பிக்கை மோசடி ஆகியவை இல்லை என்பதை ஏற்றது. ஆனால் ஏமாற்றுதலும், அடமானப் பொருளைச் சிதைத்த குற்றமும் புகாரில் தெரிகின்றன என்று அந்தப் பகுதியைத் தொடர விட்டது. பாக்கி சிவில், எஞ்சினைக் கழற்றியது குற்றம். ஒரே உறவுக்குள் இரண்டும் இருக்கலாம். இரண்டையும் தனித்தனியாக எடுத்துவைக்க நீதிமன்றத்தால் முடியும். சிவில் வழி இருக்கிறது என்பதால் குற்ற வழக்குச் சாகாது. சிவில் வழி தாமதமாகிறது என்பதால் குற்ற வழக்குப் பிறக்காது.

இதில் எனக்குள்ள பெரிய குறை, தள்ளுபடி நடக்கும் இடத்தைப் பற்றியது. இன்று அது பெரும்பாலும் சென்னையிலோ மதுரையிலோ உயர்நீதிமன்றத்தில் நடக்கிறது. அங்கே போய் வழக்கறிஞர் வைக்கும் வசதி உள்ளவர் ரத்து பெறுகிறார். இல்லாதவர், தன் நிலத்தை அடிமாட்டு விலைக்கு எழுதிக்கொடுத்துச் சமரசமாகிறார். தண்டனை தீர்ப்பில் வருவதற்கு முன்பே நடைமுறையில் முடிந்துவிடுகிறது. 2025-ல் உத்தரப்பிரதேசத்தில் ஒரு சொத்து விற்பனைப் பேச்சு குற்ற வழக்காக்கப்பட்டபோது உச்சநீதிமன்றம் மாநில அரசுக்கு 50,000 ரூபாய் செலவுத்தொகை விதித்தது. தில்லி வரை போக முடிந்தவருக்குக் கிடைத்த நீதி அது. கோடு போட வேண்டிய இடம் காவல் நிலையத்தின் மேசையும் மாஜிஸ்திரேட்டின் மேசையும்தான். 2013-ல் அரசியல் சாசன அமர்வு, பிடியாணையின்றிக் கைது செய்யத்தக்க குற்றம் தெரிந்தால் எஃப்.ஐ.ஆர். கட்டாயம் என்றாலும், வணிகத் தகராறுகளிலும் காரணமில்லாமல் காலம் தாழ்த்தி வரும் புகார்களிலும் முதற்கட்ட விசாரணை நடத்தலாம் என்று இடம் விட்டது. புதிய நடைமுறைச் சட்டத்தின் 223-ஆம் பிரிவு இன்னும் ஒரு படி போகிறது: தனிப்புகாரில் மாஜிஸ்திரேட் வழக்கைக் கையிலெடுக்கும் முன்பே எதிர்த்தரப்பைக் கேட்க வேண்டும். 1860-லிருந்து இல்லாத வாய்ப்பு இது. சிவில் வழக்கின் எண்ணையும், ஒப்பந்தத்தின் நகலையும், அட்வான்ஸைத் திருப்பிக் கொடுத்த வங்கிச் சீட்டையும் அந்த மேசையிலேயே வைக்கலாம். குற்றம் தெரியாத புகாரை அங்கேயே தள்ளலாம்.

காவல் நிலையத்தில் மட்டும் ஓர் ஓட்டை விட்டிருக்கிறார்கள். அதே சட்டத்தின் 173(3), மூன்று ஆண்டு முதல் ஏழாண்டுக்குக் குறைவாகத் தண்டனை உள்ள குற்றங்களில், டி.எஸ்.பி.யின் அனுமதியோடு 14 நாளில் முதற்கட்ட விசாரணை முடித்து, முகாந்திரம் இருந்தால் மட்டும் மேலே போகச் சொல்கிறது. நம்பிக்கை மோசடிக்கு இப்போது ஐந்தாண்டு, ஆகவே அது இந்த வரம்புக்குள் வருகிறது. பழைய 420-இன் இடத்தில் வந்திருக்கும் 318(4)-க்குத் தண்டனை ஏழாண்டு வரை. நிலப் புகார்களில் தவறாமல் எழுதப்படும் அந்த ஒரு பிரிவு, ‘குறைவாக’ என்ற சொல்லால் வெளியே நிற்கிறது. நாடாளுமன்றம் அங்கே ‘ஏழாண்டு வரை’ என்று திருத்தினால், விலை ஏறிய நிலத்துக்காக எழுதப்படும் புகாரை ஓர் அதிகாரி இரண்டு வாரம் கையில் வைத்துப் படிப்பதற்குச் சட்டமே இடம் தரும்.